கிரவுண்டில் எங்களுக்கும் ஒரு மணி நேரம்!



நம்ம ஸ்போர்ட்ஸ் டே நோட்டீஸைக் கொஞ்சம் நினைச்சுப் பாருங்க. மாணவர்களுக்கு வாலிபால், கபடி, நூறு மீட்டர், நானூறு மீட்டர். மாணவிகளுக்கு? கோலம், மியூசிக்கல் சேர், லெமன் அண்ட் ஸ்பூன்! டென்னிகாய்ட் வளையம் ரெண்டு வாங்கித் தாங்கன்னு போன வருஷம் கேட்டோம். "லேடீஸ் யாரும்மா விளையாட வர்றாங்க?" என்று பதில் வந்தது. நாங்கள் வராததால் தரவில்லையா, தராததால் வரவில்லையா?

இந்த நேரத்தில் நிருபமா வைத்தியநாதனைப் பற்றிச் சொல்லியே ஆகவேண்டும். பெண்கள் டென்னிஸ் என்றால் நமக்கெல்லாம் சானியா மிர்சாதான். ஆனால் சானியாவுக்கு முன்னாலேயே அந்தக் கதவைத் தள்ளித் திறந்தவர் நம்ம கோயம்புத்தூர்ப் பொண்ணு!

1976-ல் பிறந்த நிருபமா சின்ன வயதிலேயே ராக்கெட் பிடித்தார். அப்பா கே.எஸ். வைத்தியநாதன் ரஞ்சி டிராபி ஆடிய கிரிக்கெட் வீரர். அவர்தான் மகளுக்குப் பயிற்சியாளர். 1998 ஜனவரியில் ஆஸ்திரேலிய ஓப்பன் முதல் சுற்றில் இத்தாலியின் குளோரியா பிஸ்ஸிக்கினியை நிருபமா தோற்கடித்தார். தொழில்முறை ஆட்டக்காரர்களும் ஆடலாம் என்று 1968-ல் கிராண்ட் ஸ்லாம் விதி மாறிய பிறகு, ஒற்றையர் பிரதான சுற்றில் ஜெயித்த முதல் இந்தியப் பெண் அவர்தான். வயது 21. ஏறக்குறைய நம்ம வயசு! அதே வருடம் பாங்காக் ஆசிய விளையாட்டில் மகேஷ் பூபதியோடு சேர்ந்து கலப்பு இரட்டையரில் வெண்கலம். 2000-ல் சிட்னி ஒலிம்பிக். தாயான பிறகும் விடவில்லை. 2010 டெல்லி காமன்வெல்த் போட்டிக்குத் திரும்பி வந்து ஆடினார்.

அவருக்கும் முன்னால் ஒருவர் உண்டு. 1934-லேயே விம்பிள்டனில் ஓர் ஆட்டம் ஜெயித்தார் லீலா ராவ். விம்பிள்டனில் வென்ற முதல் இந்தியப் பெண். அவருடைய அம்மா பண்டிதா க்ஷமா ராவ் சமஸ்கிருத எழுத்தாளர், டென்னிஸும் ஆடியவர்.

கவனிச்சீங்களா? ஒருவருக்கு அப்பா, ஒருவருக்கு அம்மா. திறமையும் உழைப்பும் அவர்களுடையதுதான். ஆனால் முதலில் ராக்கெட்டைக் கையில் கொடுக்க வீட்டிலேயே ஆள் இருந்தது. கூட்டேரிப்பட்டிலிருந்தும் விக்கிரவாண்டியிலிருந்தும் பஸ் ஏறி வரும் எங்களில் எத்தனை பேருக்கு அப்படி ஒரு வீடு? அப்பா கழனிக்குப் போகிறார், அம்மா நூறு நாள் வேலைக்குப் போகிறார். வீட்டால் கொடுக்க முடியாததைக் கொடுக்கத்தானே கல்லூரி என்று ஒன்று இருக்கிறது?

"டிப்ளமோ படிக்க வந்தீங்களா, விளையாட வந்தீங்களா?" என்று சிலர் கேட்கலாம். இதே கேள்வியை வாலிபால் டீமைப் பார்த்து யாரும் கேட்டதில்லை! "காலேஜ் விட்டதும் விளையாடுங்களேன்" என்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. சாயங்காலம் திண்டிவனம் பஸ்ஸை விட்டால் வீடு சேர இருட்டிவிடும். அப்புறம் மறுநாள் காலேஜுக்கே அனுப்ப மாட்டார்கள்.

நாங்கள் டென்னிஸ் கோர்ட் கேட்கவில்லை. அதற்கு ஆகும் செலவு எங்களுக்கும் தெரியும். வாரத்தில் ரெண்டு நாள் கடைசி பீரியட், கிரவுண்டில் ஒரு பக்கம், ஒரு வலை, ரெண்டு வளையம், ஒரு த்ரோபால். ஸ்போர்ட்ஸ் ஃபீஸ் நாங்களும்தானே கட்டுகிறோம்? மாணவர் பேரவை இதை அடுத்த கூட்டத்தில் தீர்மானமாகக் கொண்டு வரவேண்டும். வேலியோரம் நின்று கமெண்ட் அடிக்காமல் இருந்தாலே தோழர்கள் செய்யும் பெரிய உதவி!

நம்மில் ஒரு நிருபமா இருக்கிறாளா? எனக்குத் தெரியாது. கிரவுண்டில் இறங்காதவரை அது யாருக்குமே தெரியப் போவதில்லை.

- ஒரு மாணவி,
இரண்டாம் ஆண்டு, இ.சி.இ.