எலியை மறந்துட்டோமே மச்சி!

போன ஞாயித்துக்கிழமை நாமக்கல் வீட்டுல, லேப்டாப்பில் ஒரு கார்ட்டூன் ஓடவிட்டேன். ‘ஏக் அனேக் ஔர் ஏக்தா’. விஜயா முலே, பீம்சேன் டீம் 1974-ல் பிலிம்ஸ் டிவிஷனுக்காகப் பண்ணின குட்டிப் படம். மொத்தமே 7 நிமிஷம்தான்!

“அட, இதை நான் ஸ்கூல் படிக்கறப்போ தூர்தர்ஷன்ல பார்த்திருக்கேன் கண்ணு!”ன்னு அம்மா பக்கத்துல வந்து உட்கார்ந்துட்டாங்க. அவங்களுக்கு அப்பவும் இந்தி தெரியாது, இப்பவும் தெரியாது. ஆனா, கதை நம்ம பஞ்சதந்திரம் ஆச்சே! வேடன் தானியம் தூவி வலை விரிக்கிறான். பறவைங்க மாட்டுது. தனித்தனியா துடிச்சா வேலைக்காகாதுன்னு, எல்லாம் ஒண்ணா சிறகடிச்சு வலையோட பறந்துடுது.

‘ஒற்றுமையே பலம்... அவ்ளோதானே!’னு லேப்டாப்பை மூடப் போனேன். “இரு கண்ணு, எலி வரட்டும்”னாங்க அம்மா. கரெக்ட்தான். பறந்தா போதுமா? வலை இன்னும் மேலதானே கிடக்கு! அதைக் கடிச்சு அறுத்துவிட்டது எலிங்கதான்.

சுருக்குனு இருந்துச்சு பாஸ். காரணம், எங்க மினி ப்ராஜெக்ட். கோழிப்பண்ணை ஷெட்ல சூடு ஏறினா ஃபேன் தானா சுத்தணும். நாலு பேர் டீம். அதுல ஒருத்தன் தமிழ் மீடியம். பிரசன்டேஷன்ல இங்கிலீஷ் திக்கும். “மார்க் போயிடும்டா”ன்னு அவனைக் கழட்டி விட்டாங்க. நானும் தலையாட்டினேன்.

ரிவ்யூவுக்கு முந்தின நாள் சென்சார் ஓகே, ப்ரோக்ராம் ஓகே. ஃபேன் மட்டும் ‘உர்ர்’ருங்குது, சுத்தலை! ராத்திரி பத்து மணிக்கு வெட்கத்தை விட்டு அவன் ரூம் கதவைத் தட்டினோம். அவங்கப்பா மோட்டாருக்கு காயில் கட்டறவர். வந்தான். குச்சியால இறக்கையைத் தள்ளிவிட்டான், ஓடுச்சு. “கெபாசிட்டர் போச்சுடா”ன்னான். அவன் டூல்ஸ் டப்பாவுலயே ஒண்ணு இருந்துச்சு. மாட்டினான். ஃபேன் ஜம்முனு சுத்துச்சு!

மறுநாள் கைதட்டல் எங்களுக்கு. ஸ்லைடுல அவன் பேர் இல்லை.

படம் முடிஞ்சதும் அவனுக்கு போன் போட்டேன். “ஸாரிடா... ஃபைனல் இயர்ல எங்க டீமுக்கு வர்றியா?”

“இல்ல மச்சி, வேற டீம்ல சேர்ந்துட்டேன். ஃபேன் ஓடலைனா கூப்பிடு”ன்னான்.

வைவாவுல அவன் பேரைச் சொல்லிட்டுத்தான் ஆரம்பிக்கப் போறேன். நீங்க யாரைக் கழட்டி விட்டீங்க? இன்னிக்கே ஒரு போன் போடுங்க மக்களே!