நட்டவரும் உயிர்ப்பித்தவரும்

ஆண்டுதோறும் ஜூன் 17ஆம் நாளைப் பாலையாதலைத் தடுக்கும் நாளாக உலகம் கொண்டாடுகிறது. பந்தல் நிழலில் அமர்ந்து வெயிலைப் பற்றிப் பேசுகிறார்கள். பிரமுகர் ஒருவர், பிறர் தோண்டி வைத்த குழியில் கன்றொன்றை இறக்கி, பூவாளியால் நீர் தெளித்து, புகைப்படத்துக்கு முகம் காட்டுகிறார். மறு ஆண்டு அதே குழிக்கு வேறொரு கன்று தேவைப்படுகிறது! இந்தச் சடங்கைச் செத்த நிலத்துக்கான மருத்துவம் என்று நம்பச் சொன்னால், நாம் நம்புவதற்கில்லை. இத்துறையில் புதிதாக இறங்க விரும்புவோருக்கு நாம் கூறும் முதற்பாடம் ஒன்றே: கையிலுள்ள கன்றைச் சற்று ஓரமாக வையுங்கள்.

இறைவன் படைத்த பாலைவனம் வேறு. மனிதன் ஆக்கிய பாலை வேறு. சஹாராவுக்கு நம் மருத்துவம் தேவையில்லை. அதன் தென்விளிம்பில், 'கரை' என்னும் பொருள்படும் அரபுச் சொல்லால் 'சாஹில்' என்று வழங்கப்படும் நாடுகள்தாம் நோயாளிகள். 1968 முதல் 1973 வரையிலும், மீண்டும் 1984இலும் அங்கே வாட்டிய பஞ்சங்களை நம்மில் மூத்தோர் நாளிதழ்களில் படித்திருப்பர். அந்த நோய்க்கு அரசுகள் கண்ட மருந்து மதில். அல்ஜீரியா 1970களில் மொராக்கோ எல்லையிலிருந்து துனீசியா எல்லைவரை ஏறத்தாழ 1,500 கிலோமீட்டர் நீளத்துக்குப் 'பச்சை அணை' எழுப்ப முற்பட்டது. படைப்பணி இளைஞர்களைக் கொண்டு அலெப்போ பைன் என்னும் ஒரே இன மரத்தைப் பெருமளவில் நட்டது. வறட்சி பாதியைத் தின்ன, புழு மீதியைத் தின்றது என்று சொல்லும்படியாயிற்று. 2007இல் ஆப்பிரிக்க ஒன்றியம் செனகலிலிருந்து ஜிபூட்டிவரை 'பெரும் பசுமைச் சுவர்' என்றது. 2030க்குள் 10 கோடி ஹெக்டேர் என்பது குறி. 2020இல் ஐ.நா. எடுத்த கணக்கில், சுவருக்கென வரையறுத்த பகுதியில் சீரானது ஏறத்தாழ 40 இலட்சம் ஹெக்டேரே.

பகைவன் படையெடுத்து வந்தால் மதில் வேண்டும். பாலை அப்படி வருவதில்லை. 1980 முதல் 1990 வரையிலான செயற்கைக்கோள் படங்களை ஆராய்ந்தவர்கள், சஹாராவின் விளிம்பு மழைக்கேற்ப முன்னும் பின்னும் அசைவதையே கண்டனர். பாலை வயலுக்குள்ளேயே பிறக்கிறது. மரம் போன நிலத்தில் மேல்மண் இறுகி ஓடு கட்டுகிறது. பெய்யும் மழை உள்ளே இறங்காமல் வழிந்தோடுகிறது. மழையில்லாமல் செத்த நிலத்தைவிட, பெய்த மழையைக் குடிக்க முடியாமல் செத்த நிலமே அங்கு மிகுதி.

இதை உணர்ந்தவர் மேடைக்காரர் அல்லர். புர்க்கினா ஃபாசோவில் யதெங்கா வட்டாரத்து விவசாயி யாகூபா சவடோகோ. சிறுவயதில் மாலி நாட்டுக் குர்ஆன் பள்ளிக்கு அனுப்பப்பட்டவர். பின்னர் சந்தையில் கடை வைத்திருந்தவர். 1980ஐ ஒட்டி, மக்கள் ஊரைக் காலி செய்துகொண்டிருந்த வேளையில், அவர் கடையை மூடிவிட்டு நிலத்துக்குத் திரும்பினார். முன்னோர் கையாண்ட 'ஸாய்' என்னும் குழிமுறையைச் செப்பம் செய்தார். கோடையிலேயே, மண் பாறையாய்க் கிடக்கும்போதே, ஒரு சாண் அகலமும் அரைச் சாணுக்குச் சற்று மிகுந்த ஆழமுமாகக் குழிகள். ஒவ்வொன்றிலும் இரு கையளவு எரு. எருவின் மணத்துக்குக் கறையான் வரும். நாம் மருந்தடித்துக் கொல்லும் அதே கறையான்தான்! அது துளைத்த வழிகளில் மழைநீர் இறங்குகிறது. முதல் மழையில் கம்போ சோளமோ விதைத்தால், அடுத்த மழை தவறினாலும் குழியின் ஈரம் பயிரைத் தாங்குகிறது. எருவோடு வந்த மர விதைகளும் முளைக்கின்றன. அவற்றை அவர் பிடுங்கவில்லை. கோடையில் குழி தோண்டுபவனைப் பைத்தியம் என்றனர். அவர் வளர்த்த காட்டுக்குத் தீயும் வைத்தனர். அவர் மீண்டும் தோண்டினார்.

சரிவான நிலமானால் குழியோடு கல்வரப்பும் வேண்டும். நீரை மறிக்க அன்று; வேகத்தைக் குறைத்துப் பரவவிட. மட்டம் பார்க்க அங்கே பயன்பட்ட கருவி, நம் கொத்தனார் கையில் இருக்கும் நீர் நிரப்பிய குழாய்தான். இதற்கு நிபுணர் வேண்டுமா?

நைஜர் நாட்டு மராடியில் நடந்தது இன்னும் வியப்பு. ஆஸ்திரேலியரான டோனி ரினாடோ அங்கே ஆண்டுக்கணக்கில் கன்றுகள் நட்டுத் தோற்றவர். 1983இல் ஒரு நாள், வெறும் புதர் என்று எண்ணியிருந்ததை அருகில் சென்று நோக்கினார். அது வெட்டுண்ட மரத்தின் அடிக்கட்டையிலிருந்து எழுந்த துளிர்! வெட்டிய முருங்கை மீண்டும் துளிர்ப்பதை நம் வீட்டுப் பெண்கள் அறிவர், வல்லுநர்கள் அறியவில்லை. காடு நிலத்தடியில் உயிரோடிருந்தது. விவசாயிகள் செய்தது இவ்வளவே: கட்டைக்குச் சில துளிர்களை நிறுத்தி, மற்றவற்றைக் கழித்து, ஆடுமாட்டிடமிருந்து காத்தனர். நைஜரில் ஏறத்தாழ 50 இலட்சம் ஹெக்டேர் நிலம் இவ்வாறு மரம் போர்த்தது.

எனில், விவசாயி அதுவரை ஏன் துளிரைக் காக்கவில்லை? சோம்பலா? அறியாமையா? இரண்டுமில்லை. 1935இல் பிரெஞ்சு ஆட்சி இயற்றிய வனச்சட்டத்தின் வழிவந்த ஏற்பாட்டில், தன் வயலில் நிற்கும் மரத்தை வெட்டவும் அனுமதிச்சீட்டு வேண்டும், இன்றேல் அபராதம். 1960இல் விடுதலை வந்த பின்னும் அவ்வழக்கம் போகவில்லை. மரம் அரசுக்கு, தண்டம் தனக்கு என்றால் எவன் முளையை விட்டு வைப்பான்? 1980களின் நடுவில் வனக்காவலர் பிடியைத் தளர்த்திய பின்னரே மரங்கள் பெருகின.

இங்கேதான் நம் மதரஸாக்களில் ஓதப்படும் ஒரு பாடம் நினைவுக்கு வருகிறது. 'இஹ்யாவுல் மவாத்', அதாவது செத்த நிலத்தை உயிர்ப்பித்தல். உரிமையாளரற்ற தரிசை உயிர்ப்பித்தவனுக்கே அது உரியது என்பது ஃபிக்ஹுச் சட்டம். ஆட்சியாளரின் அனுமதி வேண்டும் என்றார் இமாம் அபூ ஹனீஃபா (ரஹ்). வேண்டியதில்லை என்றனர் அவருடைய மாணவர்கள் அபூ யூசுஃபும் முஹம்மதும். ஷாஃபிஈ மத்ஹபும் வேண்டியதில்லை என்றே கூறும். உயிர்ப்பித்தல் என்பது எது என்றும் அவர்கள் வரையறுத்தனர். இமாம் நவவீ (ரஹ்) அவர்களின் 'மின்ஹாஜ்' நூலின்படி, விளைநிலத்துக்குச் சுற்றிலும் மண் அணைத்தலும், சமன் செய்தலும், மழை போதாத இடத்தில் நீருக்கு வழி செய்தலுமே அடையாளங்கள், விதைத்தல் நிபந்தனையன்று. தோட்டத்துக்கு மட்டுமே நடுதல் நிபந்தனை. எல்லைக்கல் ஊன்றிவிட்டு மூன்றாண்டு வாளாவிருந்தவனுக்கு உரிமையில்லை என்பது கலீஃபா உமர் (ரலி) அவர்களின் தீர்ப்பு. அச்சட்டம் ஆளற்ற நிலத்துக்கன்றோ என்று ஆலிம்கள் இடைமறிக்கலாம். உண்மையே. ஆயினும் உழைத்தவனுக்கே பலன் என்ற அதன் உயிர்நிலையை, முஸ்லிம்கள் பெரும்பான்மையாக வாழும் நைஜரில் ஒரு வனச்சட்டம் அரை நூற்றாண்டு புதைத்து வைத்ததே, அதை யார் கேட்டார்?

குழி தோண்ட ஆளெங்கே, பணமிருந்தால் பாலையும் சோலையாகும் என்பர் சிலர். வளைகுடாவில் பிள்ளைகளை வைத்திருக்கும் குடும்பங்களில் இப்பேச்சு மிகுதி. ஒரு ஹெக்டேருக்கு 10,000 குழிகளுக்கு மேல் வேண்டும், 300 மணி நேர உழைப்பாவது ஆகும் என்பதை நாம் மறைக்கவில்லை. பணத்தின் கதையையும் கேளுங்கள். சவூதி அரேபியா நிலத்தடியின் பழம்பெரும் நீரை இறைத்துக் கோதுமை விளைத்து, 1990களின் தொடக்கத்தில் ஏற்றுமதியும் செய்தது. நீர் வற்றக் கண்டு 2008இல் பின்வாங்க முடிவெடுத்து, 2016இல் உள்நாட்டுக் கொள்முதலை நிறுத்தியது. இறைத்த நீர் திரும்பவில்லை.

விரைவாக வளரும் அயல்மரத்தைத் தூவினால் போதாதா என்போர்க்கு இராமநாதபுரத்து வாசகர்களே விடை கூறட்டும். அவர்கள் முகத்தைச் சுளிக்க வைக்கும் அதே சீமைக்கருவேலம் எத்தியோப்பியாவின் அஃபார் மேய்ச்சல் நிலங்களையும் முள்காடாக்கியிருக்கிறது.

ஆகவே, ஊரில் வறண்ட காணியொன்றை வாங்கிப்போட்டிருக்கும் அன்பர், நாற்றுப்பண்ணைக்கு ஓடுமுன் ஒரு மழைநாளில் குடையோடு தம் நிலத்தில் நிற்கட்டும். நீர் எங்கே ஓடுகிறது, எங்கே தேங்குகிறது என்று பார்க்கட்டும். அடுத்து, அங்கே ஏற்கெனவே துளிர்க்க முயலும் கட்டை எது என்று தேடட்டும். பிறகு மண்வெட்டி, கன்று கடைசியில்.

2018இல் ரினாடோவுக்கும் சவடோகோவுக்கும் 'மாற்று நோபல்' எனப்படும் விருது கிடைத்தது. ஆனால் சவடோகோ தரிசில் வளர்த்த காட்டின் ஒரு பகுதியை, அருகிலுள்ள வஹிகூயா நகரின் விரிவாக்கத் திட்டம் வீட்டுமனைகளாக அளந்துவிட்டது. தாமே உயிர்ப்பித்த நிலத்தைக் காக்க அவர் முதுமையில் அலைந்தார். 2023 டிசம்பரில் மறைந்தார். அம்மரங்களுக்கிடையே எல்லை அளந்தவர்கள், அந்நிலத்தில் ஒரு குழியும் தோண்டியவர்கள் அல்லர்.