தியேட்டர் இல்லைன்னா என்ன? காலி கேசட்டில் வளர்ந்த நாலிவுட்!

படம் எடுத்தாச்சு, தியேட்டர் கிடைக்கலை. சின்ன பட்ஜெட் இயக்குநர்களின் இந்தப் புலம்பல் எல்லா ஊரிலும் உண்டு. நைஜீரியாவில் 1992-ல் இதற்கு ஒரு வழி பிறந்தது. தியேட்டரை விட்டுவிட்டு, படத்தை நேராக வீட்டுக்கே அனுப்பினார்கள்.

வேறு வழியும் இல்லை. 1980-களில் அந்நாட்டு நாணயமான நைரா சரிந்ததால், பிலிமில் படம் எடுப்பது கட்டுப்படியாகவில்லை. ராத்திரியில் வெளியே போகவே மக்கள் பயந்தார்கள். பல தியேட்டர்கள் சர்ச்சுகளாக மாறின. ஆனால், நகரத்து வீடுகளில் டிவியும் விசிஆரும் இருந்தன.

எலக்ட்ரானிக்ஸ் வியாபாரி கென்னத் நெபூவிடம் காலி விஎச்எஸ் கேசட்டுகள் தேங்கிக் கிடந்தன. சும்மா விற்பதற்குப் பதில் படம் பதிந்து விற்கலாமே என்று அவர் இறங்கினார் என்பது நாலிவுட்டில் எல்லோரும் சொல்லும் கதை. அப்படி வந்ததுதான் ‘லிவிங் இன் பாண்டேஜ்’. பணத்துக்காக மனைவியை நரபலி கொடுப்பவனை அவளுடைய ஆவி துரத்தும் இக்போ மொழிப் படம். கேசட் சக்கைப்போடு போட்டது.

அதன் பிறகு ஊரெல்லாம் வீடியோ கேமராதான். யுனெஸ்கோ கணக்குப்படி 2006-ல் இந்தியா 1,091 படங்கள் எடுத்தது. நைஜீரியா 872. அமெரிக்காவே 485-தான்!

சரி, இயக்குநர்களுக்கு சுதந்திரம் கிடைத்ததா? பாதிதான். தியேட்டர்காரர் போய், லாகோஸின் இடுமோட்டா சந்தையில் இருக்கும் ‘மார்க்கெட்டர்’ வந்தார். பணம் போடுவதும் அவரே, கேசட் விற்பதும் அவரே. எந்தக் கதை, எந்த நடிகர் என்று முடிவு செய்வதும் அவரே. திருட்டு கேசட் வருவதற்குள் போட்ட காசை எடுத்தாக வேண்டும். அதனால் சில நாட்களில் ஷூட்டிங், ஒரே கதை பார்ட் 1, பார்ட் 2 என இரண்டு கேசட். (ரசிகர்தான் இரண்டு முறை காசு கொடுக்கணும்!)

2000-களின் நடுவில், சம்பளம் அதிகம் கேட்கிறார்கள் என்று முன்னணி நட்சத்திரங்கள் சிலருக்கு இந்த மார்க்கெட்டர்கள் தடையே போட்டார்கள். அதில் ஒருவர் நடிகை ஜெனிவீவ் நாஜி. அவர் இயக்கிய ‘லயன்ஹார்ட்’ படத்தை 2018-ல் நெட்ஃப்ளிக்ஸ் வாங்கியது.

தடைக்கு ஆளான இன்னொருவர் ராம்சே நூவா. ‘லிவிங் இன் பாண்டேஜ்’ படத்தின் அடுத்த பாகத்தை 2019-ல் இயக்கியது அவர்தான். கேசட்டில் தொடங்கிய அந்தக் கதை, இந்த முறை முதலில் ரிலீஸானது தியேட்டரில்.