கனவில் எழுதிய கவிதை

நம் இலக்கிய விழா மேடைகளில் பல்லாண்டுகளாக ஒரு கருத்து வேதவாக்காக உலவி வருகிறது: ஆராயும் புத்தி விழித்துக்கொண்டால் கலை செத்துவிடுமாம், உண்மையான எழுத்தாளன் யோசிப்பதே இல்லையாம். இதைச் சொல்லுகிறவர் எவராயினும், கோல்ரிட்ஜ் என்னும் ஆங்கிலக் கவி அபினி உண்டு உறங்கி, கனவிலேயே 'குப்ளா கான்' இயற்றி, விழித்ததும் அப்படியே எழுதிவிட்டார் என்ற புராணத்தையும் ஓதிவிட்டுத்தான் அமர்வது என்பது சம்பிரதாயமாகிவிட்டது.

அந்தப் புராணத்தையே எடுத்துக்கொள்வோம். 1816இல் கவிதையை அச்சிட்டபோது, ஆழ்ந்த உறக்கத்தில் இருநூறு முந்நூறு அடிகள் தாமே உருவாயின என்றும், அவற்றை எழுதிக்கொண்டிருக்கையில் போர்லாக் என்னும் ஊரிலிருந்து யாரோ ஒருவர் அலுவல் நிமித்தம் வந்து கெடுத்தார் என்றும் கோல்ரிட்ஜ் முன்னுரைத்தது மெய்தான். ஆனால் 1934இல் வெளிப்பட்ட அவருடைய கையெழுத்துப் பிரதியின் குறிப்பில் ஆழ்ந்த உறக்கம் இல்லை, ஒருவகை மனமயக்கமே உண்டு. அந்தப் போர்லாக் ஆசாமியும் இல்லை. முன்னுரை சொன்ன 1797ஆம் ஆண்டின் கோடைக்குப் பதிலாக இலையுதிர்காலம் இருக்கிறது. கவிதையிலோ, பிரதியில் ஆறிரண்டு மைலாக இருந்த நிலம் அச்சில் ஐயிரண்டு மைலாகச் சுருங்கியிருக்கிறது. அமாரா என்ற மலை அபோராவாகியிருக்கிறது. கனவு தந்த வரமென்றால் மலையின் பெயரை மாற்றத் துணிந்தவர் யார்? விழித்த கண்ணோடு உட்கார்ந்து, எந்த ஓசை இங்கே நிற்கும், எது நிற்காது என்று சீர்தூக்கிப் பார்த்த அதே கோல்ரிட்ஜ்தான். மறு வருஷமே, 1817இல், சக கவி வேர்ட்ஸ்வொர்த்தின் கவிதைக் கொள்கையை அக்குவேறு ஆணிவேறாகப் பிரித்து ஆராய்ந்த 'பயோகிராஃபியா லிட்டரேரியா'வை வெளியிட்டாரே, அதை எந்த உறக்கத்தில் எழுதினார் என்பதைப் பேச்சாளர்கள் தெரிவித்தால் நன்றியுடையவனாவேன்.

ஆராய்ச்சி உணர்ச்சியைக் கொன்றுவிடும் என்கிறார்கள்; ஒரு கேள்விக்கே மாளும் நோஞ்சான் உணர்ச்சி மாண்டால் நஷ்டமில்லை. விமரிசனம் மேல்நாட்டுச் சரக்கு என்கிறார்கள். நூலுக்குப் பத்துக் குற்றங்களை நன்னூலில் எண்ணிவைத்த பவணந்தி முனிவர் எந்தக் கப்பலில் வந்திறங்கினார்? கூறியது கூறல், மாறுகொளக் கூறல், மற்றொன்று விரித்தல் என்று அவர் வகுத்தவற்றைத் தன் ஏட்டிலேயே தேடிக் கண்டுபிடித்து அடிப்பது உறங்குகிறவனால் ஆகிற காரியமன்று. இம்மூன்றும் மேடைப்பேச்சுக்கு மட்டும் பொருந்தா என்று அவர் ஒரு விதிவிலக்கு எழுதிவைக்காமற் போனதுதான் நம் பேச்சாளர்களுக்குப் பெருங்குறை.