இடப்பக்கம் = வலப்பக்கம்

பத்தாம் வகுப்புக் கணக்கு விடைத்தாள்களை வருஷக்கணக்கில் திருத்தியவன் என்ற முறையில் ஒன்று சொல்லத் தோன்றுகிறது. முக்கோணவியல் (எங்கள் நாளில் திரிகோணமிதி) முற்றொருமைகளை நிரூபிக்கும்போது, "ஒரு பக்கத்தை மட்டும் எடு, மறுபக்கத்தைத் தொடாதே" என்று சொல்லித் தருகிறோம். ஏன் தொடக்கூடாது என்று மட்டும் சொல்வதில்லை.

இந்தக் கணக்கைப் பாருங்கள். ஒவ்வொன்றின் பின்னும் தீட்டா இருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள்.

(1 − காஸ்) / சைன் = சைன் / (1 + காஸ்)

முறைப்படி செய்யும் பிள்ளை இடப்பக்கத்தில் மேலும் கீழும் (1 + காஸ்) ஆல் பெருக்கும். மேலே 1 − காஸ் வர்க்கம், அதாவது சைன் வர்க்கம். கீழே சைன் × (1 + காஸ்). ஒரு சைன் அடிபட்டால் வலப்பக்கம் வந்துவிடும். இன்னொரு பிள்ளை நேரே குறுக்கே பெருக்கி, "1 − காஸ் வர்க்கம் = சைன் வர்க்கம், எனவே நிரூபிக்கப்பட்டது" என்று முடித்துவிடும்.

இரண்டாவது பிள்ளைக்குச் சிலர் சுழி போடுகிறார்கள், சிலர் முழு மார்க். எனக்கு இரண்டிலும் உடன்பாடில்லை. நிரூபிக்க வேண்டியதையே உண்மை என்று வைத்துக்கொண்டு தொடங்கியது தப்புதான். ஆனால் அதே வரிகளைக் கீழிருந்து மேலாக எழுதினால் நல்ல நிரூபணம். தெரிந்த உண்மையில் தொடங்கி, சைனாலும் (1 + காஸ்) ஆலும் வகுத்தால் போதும். இரண்டும் பூச்சியமில்லை என்று ஒரு வார்த்தை சேர்க்க வேண்டும், அவ்வளவே.

"எப்படிப் போனால் என்ன, உண்மைதானே வந்தது?" என்பவர்களுக்கு இன்னொரு கணக்கு. (1 + சைன்) / (1 − சைன்) என்பதன் வர்க்கமூலம் = சீக் + டேன். இரு பக்கத்தையும் வர்க்கப்படுத்துங்கள், அழகாக ஒத்துப்போகும். இப்போது கோணத்தை 180 டிகிரி என்று வையுங்கள். இடப்பக்கம் 1. வலப்பக்கம் −1! வர்க்கப்படுத்தியபோது குறி தொலைந்துவிட்டது. அந்தப் படியில் இறங்கலாம், திரும்பி ஏற முடியாது. என்.சி.இ.ஆர்.டி. பாடநூல் இந்தக் கணக்கைத் தரும்போது கோணங்கள் குறுங்கோணங்கள் என்று முன்பே சொல்லிவிடுகிறது. கணக்கு பிழைப்பது அந்த ஒரு சொல்லால். வகுப்பில் அதை நிறுத்தி வாசிப்பவர்கள் குறைவு. 30, 45, 60 என்று போட்டுப் பார்க்கிற பிள்ளைக்கோ இந்தப் பள்ளம் கண்ணில் படவே படாது.

ஆகவே ஆசிரியர்களிடம் நான் கேட்பது இதுதான். குறுக்கே பெருக்கிய பிள்ளையைப் பலகைக்குக் கூப்பிட்டு, கடைசி வரியிலிருந்து முதல் வரிக்கு ஏறிக் காட்டச் சொல்லுங்கள். ஒவ்வொரு படிக்கும் காரணம் சொன்னால் ஸ்டெப் மார்க்கைத் தாராளமாகக் கொடுங்கள். பொதுத்தேர்வு விடைத்தாளில் அப்படிக் கூப்பிட்டுக் கேட்க வழியில்லை. அதனால் இதை ஜூலை, ஆகஸ்டிலேயே செய்துவிடுவது நல்லது.