14 வயதுக்குப் பிறகு

திருவண்ணாமலையிலிருந்து வேலூர் சாலையில் வருகிறவர்களுக்கு வேங்கிக்கால் என்றால் மாவட்ட ஆட்சியர் அலுவலகம்தான். பட்டா மாறுதல், முதியோர் உதவித்தொகை, திங்கட்கிழமைக் குறைதீர் நாள் என்று மனுவும் கையுமாக வந்து போகிறவர்களை நாங்கள் நாள்தோறும் பார்க்கிறோம். இவற்றோடு இன்னொரு வகை விண்ணப்பமும் அந்த அலுவலகத்துக்கு வந்தாக வேண்டும் என்பது பலருக்குத் தெரியாது. மலையைச் சுற்றியுள்ள ஏதேனும் ஓரிடத்தில் ஒரு திரைப்படமோ தொலைக்காட்சித் தொடரோ படமாக்கப்பட்டு, அதில் 14 வயது நிறையாத குழந்தை ஒன்று நடிக்குமானால், தயாரிப்பாளர் மாவட்ட ஆட்சியரிடம் முன்கூட்டியே அனுமதி பெற வேண்டும். நடிக்கும் குழந்தைகளின் பட்டியலையும் பெற்றோரின் சம்மதத்தையும் உறுதிமொழியையும் தர வேண்டும்.

குழந்தைத் தொழிலாளர் சட்டத்தில் 2016இல் கொண்டுவந்த திருத்தமும், அதையொட்டி 2017இல் வந்த விதிகளும் இதைச் சொல்கின்றன. ஒரு நாளில் ஐந்து மணி நேரத்துக்கு மேல் வேலை கூடாது. ஓய்வின்றித் தொடர்ந்து மூன்று மணி நேரத்தைத் தாண்டக் கூடாது. தொடர்ச்சியாக 27 நாட்களுக்கு மேல் பணியில் வைத்திருக்கக் கூடாது. ஐந்து குழந்தைகளுக்கு ஒருவர் வீதம் பொறுப்பாளர் வேண்டும். குழந்தையின் வருமானத்தில் குறைந்தது 20 சதவீதம், தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் அதன் பெயரிலேயே வைப்புத் தொகையாகச் சேர வேண்டும். படிக்கும்போது நிம்மதி தருகிற விதிகள்தாம். எவ்வளவு தூரம் நடைமுறையில் இருக்கின்றன என்பது வேறு விஷயம்.

இந்தச் சட்டத்தில் இரண்டு செய்திகள் எங்களை யோசிக்க வைத்தன. நடிக்கிற குழந்தையையும் விளையாடுகிற குழந்தையையும் அது ஒரே வாக்கியத்தில் வைக்கிறது. குழந்தைகள் வேலை செய்யக் கூடாது என்ற பொதுத்தடையிலிருந்து திரைப்படம், விளம்பரம், தொலைக்காட்சித் தொடர் ஆகியவற்றோடு விளையாட்டுக்கும் விலக்கு உண்டு. சர்க்கஸுக்கு மட்டும் கிடையாது. அடுத்தது, இந்தப் பாதுகாப்பு 14 வயதோடு முடிந்துவிடுகிறது. கட்டாயக் கல்விச் சட்டத்தின் எல்லையும் அதே 14தான். நடிக்க வந்த பிள்ளைக்கும் பந்தாட வந்த பிள்ளைக்கும் உண்மையான ஆபத்து தொடங்குவதோ அந்த வயதுக்குப் பிறகு. இக்கட்டுரை சொல்ல வருவது இவ்வளவுதான்.

எங்கள் தெருவில் இரண்டு பையன்கள் இருந்தார்கள். ஒருவன் ஒன்பது வயதில் ஒரு தொலைக்காட்சித் தொடரில் நடித்தான். கதாநாயகியின் தம்பி வேடம். இரண்டு வருடங்கள் அவன் வீட்டார் சென்னையிலேயே அறையெடுத்துத் தங்கினார்கள். ஊருக்கு வரும்போதெல்லாம் தெருவே கூடி வேடிக்கை பார்க்கும். பிறகு கதை பல வருடங்களைத் தாண்டிக் குதித்தது, தம்பி வாலிபனாகிவிட்டான், அந்த வேடத்துக்கு வேறொருவர் வந்தார். பையன் திரும்பி வந்து பள்ளியில் சேர்ந்தபோது கணக்குப் பாடம் வெகுதூரம் போயிருந்தது. பத்தாம் வகுப்பைத் தாண்டவில்லை. இன்று செல்போன் பழுது பார்க்கும் கடையில் வேலை செய்கிறான். இன்னொருவன் வேங்கிக்கால் ஏரி வற்றிய கோடையில் அதன் தரையில் பந்து விளையாடிப் பழகியவன். 12 வயதில் வெளியூர்ப் பயிற்சிக்கூடம் ஒன்றுக்குத் தேர்வானான். 16 வயதில் முழங்கால் சவ்வு கிழிந்தது. பந்து போனது, விடுதி போனது, படிப்பு அதற்கு முன்பே போயிருந்தது. முகூர்த்த நாட்களில் சமையல்காரர்களோடு பந்தி பரிமாறப் போகிறான்.

இருவரும் கெட்டுப்போய்விடவில்லை. உழைத்துச் சாப்பிடுகிறார்கள். ஆயினும் முதலாமவனை ஒரு நண்பருக்கு அறிமுகம் செய்யப்போனபோது, “அந்த சீரியல் பேர மட்டும் சொல்லாதீங்கண்ணா” என்றான். 11 வயதில் ஊரே கைதட்டிய ஒரு காரியம் 25 வயதில் ஒருவனுக்கு மறைக்க வேண்டிய சங்கதியாகிவிடுகிறது என்றால், அந்தக் கைதட்டலில் நமக்கும் பங்குண்டு.

இது தமிழுக்குப் புதிய பிரச்சினையன்று. நம் நடிப்புக்கலையின் நவீன வரலாறே சிறுவர்களின் தோளில்தான் ஏறி வந்தது. சங்கரதாஸ் சுவாமிகள் 1918இல் மதுரையில் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையில் தி. க. சண்முகம் சேர்ந்தபோது அவருக்கு வயது ஆறு. எம்.ஜி.ஆரும் அண்ணன் சக்கரபாணியும் மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனிக்குப் போனது வீட்டு வறுமையினால். சிவாஜி கணேசன் யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளையின் கம்பெனியில் வளர்ந்தவர். கிட்டப்பா சிறுவனாக மேடையேறி, தமிழகத்தையே தம் குரலுக்கு மயங்க வைத்து, 1933இல் 27 வயதில் மறைந்துபோனார்.

பாய்ஸ் கம்பெனிகளை நாங்கள் புகழப் போவதில்லை. அங்கே அடி உண்டு, பட்டினி உண்டு, ஒப்பந்தத்தால் கட்டுண்ட பிள்ளைகள் இரவோடிரவாக ஓடிப்போனதும் உண்டு. ஆனால் அந்த உலகம் ஒரு சங்கதியை வெளிப்படையாக அறிந்து வைத்திருந்தது. அதற்கு ஒரு பெயரே இருந்தது: மகரக்கட்டு. பையனின் குரல் உடைகிற பருவம். ஸ்திரீபார்ட்டும் பால பார்ட்டும் போட்டவன் அந்தப் பருவத்தில் பாட முடியாமல் தவிப்பான். கம்பெனிக்காரர்களுக்கு அது வரப்போகிறது என்று தெரியும்; பையனுக்கும் தெரியும். சிலரை வீட்டுக்கு அனுப்பினார்கள். சிலருக்கு வேறு வேடம், ஆர்மோனியம், ஒப்பனை, திரைச்சீலை வேலை என்று ஏதோ ஒன்று அந்தக் கூரைக்குக் கீழேயே கிடைத்தது. எல்லோருக்கும் கிடைத்தது என்று சொல்ல முடியாது. கிடைத்தவர்கள் தொழில் கற்றவர்களாக வெளியே வந்தார்கள். டி.கே.எஸ். சகோதரர்கள் 1925இல் சொந்தக் கம்பெனி தொடங்கியபோது சண்முகத்துக்கு 13 வயதுதான்!

இந்தத் தொடர்ச்சிக்குப் பின்னாளிலும் ஓர் உதாரணம் உண்டு. ‘களத்தூர் கண்ணம்மா’ 1960இல் வந்தது. அதில் நடித்த சிறுவன் கமல்ஹாசன் குடியரசுத் தலைவரின் தங்கப் பதக்கம் பெற்றார். குழந்தை வேடங்கள் நின்றுபோன பிறகு அவர் போய்ச் சேர்ந்த இடம் டி.கே.எஸ். நாடக சபா. பிறகு நடன இயக்குநர் தங்கப்பனிடம் உதவியாளரானார். புகழின் முதல் அலை ஓய்ந்ததற்கும் அடுத்தது எழுந்ததற்கும் இடைப்பட்ட அந்த ஆண்டுகளில் அவரைத் தாங்கியவை ஒரு நாடகக் குழுவும் ஒரு கைத்தொழிலும். 1996இல் வந்த ‘அவ்வை சண்முகி’யின் தலைப்பு, ஔவையார் வேடத்தால் புகழ்பெற்ற அந்தச் சண்முகத்துக்கான வணக்கமும்கூட. திறமையைப் பற்றிப் பேசும்போது நாம் பதக்கத்தைச் சொல்கிறோம். நாடக சபாவைச் சொல்ல மறந்துவிடுகிறோம்.

இன்றைய தொலைக்காட்சிப் பிள்ளைக்கு அந்த நாடக சபா இல்லை. 2000களில் ‘மை டியர் பூதம்’ பார்த்து வளர்ந்த ஒரு தலைமுறையே இருக்கிறது. சிறுவர் பாட்டுப் போட்டிகளும் நடனப் போட்டிகளும் அதற்குப் பின் பெருகின. ‘காக்கா முட்டை’யின் இரண்டு சிறுவர்களுக்கும் தேசிய விருது கிடைத்தபோது நாமெல்லோரும் மகிழ்ந்தோம். இப்பிள்ளைகளில் யாரும் தொழில் கற்பதற்காக அழைத்துவரப்படுவதில்லை. அவர்களுடைய குழந்தைமை தேவைப்படுவதால் அழைத்துவரப்படுகிறார்கள். அது தீர்ந்ததும் தேவையும் தீர்ந்துவிடுகிறது.

கால்பந்தில் வாசல் வேறு. கதை ஏறக்குறைய இதுவேதான். 1960 ரோம் ஒலிம்பிக்கில் பெரு அணிக்கு எதிராக சைமன் சுந்தரராஜ் அடித்த கோலுக்குப் பிறகு ஒலிம்பிக் கால்பந்தில் இந்தியா கோல் அடித்ததில்லை. அங்கே ஆடியதே இல்லை. தஞ்சாவூரிலிருந்து கொல்கத்தா போன குலோத்துங்கன் 2003இல் ஆசியான் கோப்பை வென்ற ஈஸ்ட் பெங்கால் அணியில் இருந்தவர். 2018இல் சாலை விபத்தில் இறந்தார். அன்று அவர் பெயரைத் தமிழ்நாட்டில் எத்தனை பேர் அறிந்திருந்தோம்? வடசென்னையின் வியாசர்பாடி, தெருவில் பந்தாடிய பிள்ளைகளை ஐ.எஸ்.எல். வரை அனுப்பியிருக்கிறது, தன்பால் கணேஷ் அங்கிருந்து வந்தவர். ஒவ்வொரு கணேஷுக்கும் பின்னால் அதே தெருவில் அதே பந்தை உதைத்த பலர் இருப்பார்கள்.

பெண்களின் கால்பந்தில் மட்டும் ஓர் ஆறுதலைக் காண்கிறோம். கடலூரிலிருந்து வந்த இந்துமதி கதிரேசன் இந்திய அணிக்கு ஆடியதோடு தமிழ்நாடு காவல்துறையில் உதவி ஆய்வாளராகவும் ஆனார். விளையாட்டு ஒதுக்கீட்டில் கிடைக்கும் அரசு வேலை என்பது நம் எழுத்தாளர்கள் பலருக்கு அலுப்பூட்டும் விஷயமாக இருக்கலாம். பந்தைத் தொட்டதற்காக வீட்டில் ஏச்சு வாங்குகிற ஒரு பெண்பிள்ளைக்கு அதுவே தகப்பனிடம் காட்டுவதற்கான ஒரே நியாயம். பாய்ஸ் கம்பெனியில் ஆர்மோனியம் செய்த வேலையை இங்கே அந்த உத்தியோகம் செய்கிறது.

இளம் திறமை என்றவுடன் நாம் இங்கிலாந்தைப் பார்க்கிறோம். 17 வயது நிறைவதற்குச் சில நாட்கள் முன்பு, 2002 அக்டோபரில், ஆர்சனலுக்கு எதிராக எவர்ட்டன் அணிக்காகக் கோல் அடித்த வெய்ன் ரூனியை நமக்குத் தெரியும். 1999இல் பிபிசியின் ‘டேவிட் காப்பர்ஃபீல்ட்’ தொடரில் சிறுவனாக வந்து, பிறகு ஹாரி பாட்டராக உலகம் சுற்றிய டேனியல் ராட்கிளிஃபையும் தெரியும். அங்கே ஒரு பிள்ளை நடிப்பதற்கு உள்ளாட்சி மன்றத்தின் உரிமம் வேண்டும், உரிமம் பெற்ற துணையாள் வேண்டும், படப்பிடிப்பு இடத்திலேயே பாடம் நடக்க வேண்டும். பதினாறு வயதைத் தாண்டாத பள்ளிப்பிள்ளைகளுக்கும் இந்த உரிமமுறை பொருந்தும் என்பதைக் கவனிக்க வேண்டும். பெரிய கால்பந்து மன்றங்களோ ஒன்பது வயதுக்குட்பட்டோர் அணியிலிருந்தே பிள்ளைகளைப் பதிவு செய்கின்றன. அவர்களில் தொழில்முறை ஆட்டக்காரர்களாகிறவர்கள் மிகச் சிலர். கழித்துவிடப்பட்ட பையன்களின் மனநிலை பற்றி அங்கே இப்போதுதான் உரக்கப் பேசுகிறார்கள். செல்வம் கொழிக்கும் ஆட்டத்திலேயே இப்படியென்றால், ஏரித்தரையில் தொடங்குகிற ஆட்டத்தைப் பற்றிக் கேட்கவே வேண்டாம்.

எதிர்க்கேள்வி ஒன்று வரும் என்பதை அறிவோம். இத்தனை விதி போட்டால் ஏழை வீட்டுப் பிள்ளைக்கு வாய்ப்பே வராது, இளமையில் தொடங்காமல் எந்தக் கலையும் கைவராது என்பார்கள். இரண்டாவது பாதி உண்மை. நாதஸ்வரமும் தெருக்கூத்தும் அப்படித்தான் கற்கப்படுகின்றன. கூத்தில் பிள்ளை வேடம் கட்டத் தொடங்கினால் அவன் தாடி முளைத்த பிறகும் கூத்து அங்கேயே இருக்கும். வேறு வேடம் கட்டலாம். தொலைக்காட்சியும் பயிற்சிக்கூடமும் அப்படி இருப்பதில்லை என்பதே எங்கள் வாதம். இளமையில் தொடங்குவதை நாங்கள் எதிர்க்கவில்லை. தொடங்கி வைத்தவர்கள் பாதியில் காணாமற்போவதை எதிர்க்கிறோம்.

ஆகவே எங்கள் கோரிக்கைகள் எளியவை. வேலை நேரம், ஓய்வு, வைப்புத் தொகை ஆகிய விதிகளை 18 வயது வரை நீட்டிக்க வேண்டும். அந்தந்த மாவட்டத்தில் எத்தனை அனுமதிகள் வழங்கப்பட்டன, எத்தனை குழந்தைகளின் பெயரில் வைப்புத் தொகை சேர்ந்தது என்பதை, பெயர்களை வெளியிடாமல், ஆண்டுக்கொரு முறை அறிவிக்க வேண்டும். வேங்கிக்காலிலிருந்தே அதைத் தொடங்கலாம். ஒரு பிள்ளையைச் சேர்த்துக்கொள்ளும் பயிற்சிக்கூடம், அவன் காயம்பட்டாலும் கழிக்கப்பட்டாலும் 12ஆம் வகுப்பு முடியும்வரை அவன் படிப்புக்குப் பொறுப்பேற்க வேண்டும்.

கடைசியாக, இலக்கிய வாசகர்களாகிய நமக்கும் ஒரு வேலை இருக்கிறது. தி. க. சண்முகத்தின் ‘எனது நாடக வாழ்க்கை’ இன்றும் மதிக்கப்படுவதற்கு அவருடைய வெற்றி மட்டும் காரணமில்லை. தம்மோடு இருந்த கலைஞர்களையும் அவர் அதில் நினைவுகூர்கிறார். தொலைக்காட்சியில் ஒரு பருவம் நடித்து ஊர் திரும்பிய பிள்ளைகளைப் பற்றி, முழங்கால் கிழிந்து விடுதியைவிட்டு வந்தவர்களைப் பற்றி அப்படியொரு நூல் நம்மிடம் இருப்பதாகத் தெரியவில்லை. வென்றவர்களின் நேர்காணல்கள்தாம் குவிந்து கிடக்கின்றன.

கடந்த கோடையில் ஏரித்தரையில் ஏழெட்டுச் சிறுவர்கள் பந்து விளையாடிக்கொண்டிருந்தார்கள். பந்தி பரிமாறப் போகும் எங்கள் தெருப்பையன் ஓரமாக நின்று, எந்தக் காலை ஊன்றி எந்தக் காலால் அடிக்க வேண்டும் என்று சொல்லிக்கொண்டிருந்தான். நன்றாகவே சொல்லிக்கொடுத்தான். அந்தப் பயிற்சிக்கூடம் அவனுக்குக் கற்பித்தது வீணாகிவிடவில்லை. அதற்கு ஒரு சம்பளமும் ஒரு பெயரும் கொடுக்க நமக்குத்தான் இன்னும் தோன்றவில்லை.