அந்த மூன்று நாளும் காத்திருக்க விடுங்கள்

மிருதங்கம் சொல்லிக்கொடுக்கிறவனுக்கு வீடியோ கேமில் என்ன வேலை என்று வீட்டில் கேட்கிறார்கள். காலத்தையே ஆட்டிவைக்கும் வாத்தியம் ஒன்று அங்கே இருக்கும்போது, லயம் சொல்லிக்கொடுக்கிற நான் போகாமல் வேறு யார் போவது?

1998இல் நிண்டெண்டோ 64இல் வந்த ‘ஒக்கரினா ஆஃப் டைம்’ கதையில், லிங்க் என்ற பையனிடம் ஒக்கரினா என்ற, உள்ளங்கையில் அடங்கும் ஊதுகுழல் ஒன்று வந்து சேர்கிறது. வாசிக்க ஐந்தே பொத்தான்கள். நம் கணக்கில் சொன்னால் கீழ் ஸட்ஜம், சாதாரண காந்தாரம், பஞ்சமம், சதுச்ருதி தைவதம், மேல் ஸட்ஜம். ரி, ம, நி மூன்றும் கிடையாது. இந்தக் கொஞ்சத்தை வைத்துக்கொண்டே இசையமைப்பாளர் கோஜி கோண்டோ ஒரு டஜன் மெட்டுகளுக்கு எடுப்பு அமைத்திருக்கிறார். காலப் பாட்டின் எடுப்பு ப-ஸ-க, ப-ஸ-க. அவ்வளவுதான், காலக் கோயிலின் கதவு திறந்துவிடும். எனக்கு இதில் ஒரு மனக்குறை உண்டு. ஸ்வர வரிசை சரியாக இருந்தால் போதும், எவ்வளவு கோணல்மாணலாக வாசித்தாலும் கதவு திறக்கிறது. காலத்தை ஆளும் வாத்தியம் தாளம் தப்புவதைக் கண்டுகொள்வதே இல்லை!

உண்மையில் அந்த முதல் கதையில் ஒக்கரினா காலத்தை அதிகம் தொடுவதில்லை. காலப் பாட்டு பெரும்பாலும் கதவைத் திறந்துவிடுவதோடு சரி. லிங்கை ஏழாண்டு தூங்கவைத்துப் பெரியவனாக்குவது உள்ளே இருக்கும் வாள். கடைசியில் இளவரசி ஜெல்டா அதே ஒக்கரினாவை வாசித்து அவனைப் பழையபடி சிறுவனாக அனுப்பிவைக்கிறாள். நடுவில் ஒரு வேடிக்கை. காற்றாலையில் இருக்கும் ஆள், ஏழு வருஷத்துக்கு முன்னால் ஒரு பொடியன் வாசித்துத் தொலைத்தான் என்று திட்டிக்கொண்டே புயல் பாட்டை லிங்குக்குச் சொல்லித்தருகிறான். லிங்க் சிறுவனாகத் திரும்பிப் போய் அதை அவன் முன்னாலேயே வாசிக்கிறான். அப்படியானால் அந்தப் பாட்டைக் கட்டியது யார்? பதில் கிடையாது.

காலத்தோடு நிஜமாக மல்லுக்கட்டுவது 2000இல் வந்த அடுத்த கதையான ‘மஜோராஸ் மாஸ்க்’. முந்தைய விளையாட்டின் உறுப்புகளையே எடுத்துக்கொண்டு, எய்ஜி அவோனுமாவின் குழு சுமார் ஓராண்டில் இதைச் செய்து முடித்தது. டெர்மினா என்ற நாட்டின் மேல் நிலவு விழப்போகிறது. இருப்பது மூன்றே நாள். ஆட்டக்காரனுக்கு அது ஒரு மணி நேரத்துக்கும் குறைவு. விழுவதற்குள் காலப் பாட்டை வாசித்தால் மறுபடி முதல் நாள் காலை. கையிலிருக்கும் காசு, அம்பு, வெடிகுண்டு எல்லாம் போய்விடும். வங்கியில் போட்ட பணம் மட்டும் தப்பிக்கும். உலகமே பின்னோக்கிப் போனாலும் வங்கிக் கணக்கு அசையாது போல.

காசு போவது பெரிய விஷயமல்ல. மூன்று நாளில் நாம் யாருக்கு என்ன உதவி செய்திருந்தாலும் அவர்களுக்கு அது நடக்கவே இல்லை என்றாகிவிடுகிறது. கிளாக் டவுன் சத்திரத்தில் அஞ்சு என்ற பெண், காணாமல்போன காஃபேயை எதிர்பார்த்து உட்கார்ந்திருக்கிறாள். இருவருக்கும் கல்யாணம் நிச்சயமானது. அவர்களைச் சேர்த்துவைக்க மூன்று நாளும் அலைய வேண்டும். காஃபேய் வந்து சேர்வது கடைசி இரவில், நிலவு விழச் சற்று முன்னால். சேர்கிறார்கள். அடுத்த நிமிஷம் நாம் பாட்டை வாசிக்க வேண்டியிருக்கிறது. முதல் நாள் காலை, அஞ்சு மறுபடி காத்திருக்கிறாள்.

இதைவிடக் கொடுமை ஒன்று உண்டு. முதல் நாள் நள்ளிரவில் சாகோன் என்ற திருடன் ஒரு கிழவியின் மூட்டையைப் பிடுங்கிக்கொண்டு ஓடுவான். அவனை நாம் தடுக்க முடியும். தடுத்தால் அந்தச் சுற்றில் அஞ்சுவின் கதை நிறைவேறாது, ஏனென்றால் காஃபேயிடமிருந்து திருடுபோன கல்யாண முகமூடியை மீட்கும் வழி அந்தத் திருடன் வழியாகத்தான் போகிறது. ஜோடி சேர வேண்டுமென்றால் கிழவி கத்துவதைப் பார்த்துக்கொண்டு சும்மா நிற்க வேண்டும். எத்தனை முறை காலத்தைத் திருப்பினாலும் இரண்டையும் ஒரே சுற்றில் செய்ய முடியாது. காலத்தைத் திருப்பும் வாத்தியத்தைக் கற்பனை செய்கிறவர்கள் அதற்கு இப்படி ஒரு விலையும் வைக்க வேண்டும் என்பது என் கட்சி.

2015இல் நிண்டெண்டோ 3டிஎஸ்ஸில் வந்த மறுபதிப்பு அந்த விலையில் தள்ளுபடி கொடுத்துவிட்டது. பழைய பதிப்பில் காலப் பாட்டைத் திருப்பி வாசித்தால் நேரம் மெதுவாகும். ஒவ்வொரு ஸ்வரத்தையும் இரட்டித்து வாசித்தால் அடுத்த விடியலுக்கோ அடுத்த அந்திக்கோ தாவலாம், நடுவே எங்கும் இறங்க முடியாது. எங்கள் வகுப்பில் இரண்டாம் காலம் என்றால் தாளம் அப்படியே நிற்கும், அதற்குள் சொற்கள் இரட்டிப்பாகும். இங்கே தாளத்தையே தூக்கி அடுத்த ஆவர்த்தனத்தில் போடுகிறார்கள். அதைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். மறுபதிப்பில் வேண்டிய மணியைத் தேர்ந்தெடுத்து நேரே அங்கே போய் இறங்கலாம். நள்ளிரவுத் திருட்டுக்கு இரவு பன்னிரண்டு.

பழைய பதிப்பில் அந்தியிலிருந்து நள்ளிரவு வரை ஊருக்குள் சும்மா சுற்றிய நேரத்தில்தான் எனக்கு அந்த ஊர் பழக்கமானது. தபால்காரன் கால அட்டவணையை மந்திரம் மாதிரி வைத்துக்கொண்டு ஓடுகிறான். கடைசி நாளில் தப்பிப் போக ஆசை, ஆனால் அட்டவணையில் அது இல்லையே என்று தரையில் புரண்டு தவிக்கிறான். தச்சர்கள் நிலவைப் பார்த்துக்கொண்டே திருவிழாவுக்குக் கோபுரம் கட்டுகிறார்கள். சத்திரத்துக் கழிப்பறையிலிருந்து நள்ளிரவில் ஒரு கை நீண்டு காகிதம் கேட்கிறது (கொடுத்துவிடுங்கள், புண்ணியம்). மணிக்கு மணி தாவுகிறவன் இதில் பாதியைப் பார்க்கமாட்டான். அவனுக்கு அஞ்சு ஆட்டத்தின் குறிப்பேட்டில் ஒரு பதிவு. அவள் காத்திருப்பதை அழிக்கும்போது அவனுக்கு என்ன வலிக்கும்?

“மாமா, எல்லாருக்கும் உங்கள மாதிரி பொழுது கெடக்குதா?” என்கிறான் அக்கா மகன். பஸ்ஸில் வேலைக்குப் போகிறவன், இறங்க வேண்டிய இடம் வந்ததும் மூடிவைக்க வேண்டியவன். நியாயம்தான். பழைய பதிப்பில் ஆட்டத்தை நிரந்தரமாகச் சேமிக்கக் காலப் பாட்டை வாசித்து எல்லாவற்றையும் அழித்தாக வேண்டும் என்றிருந்தது, அது அநியாயம். மறுபதிப்பில் ஆங்காங்கே இருக்கும் சிலைகளுக்குப் பக்கத்திலேயே சேமிக்கலாம் என்று மாற்றியதை மனசார வரவேற்கிறேன். ஆனால் நின்ற இடத்தில் நிறுத்திவைப்பது வேறு, நடுவில் இருப்பதை வெட்டி எறிவது வேறு. மறுபதிப்பு இரண்டையும் ஒரே வசதி என்று நினைத்துவிட்டது.

2000இல் வந்த மூலப் பதிப்பே 2022இல் நிண்டெண்டோ ஸ்விட்சின் ஆன்லைன் சந்தாவில் சேர்ந்துவிட்டது. நினைத்த இடத்தில் நிறுத்தி, பிறகு அங்கிருந்தே தொடரும் வசதி அதில் உண்டு. பாட்டு மட்டும் பழையபடியே, விடியல் அல்லது அந்தி. அக்கா மகனுக்கு அதைத்தான் சொல்லியிருக்கிறேன்.